சர்வே எண் 118/2-இல் ஒரு பள்ளம்

அக்டோபர் 9

என் பட்டத்து யானையை இன்று காலை சிறைபிடித்துவிட்டார்கள். எந்தச் சக்கரவர்த்திக்கும் நேராத அவமானம். நெடுவயல்பட்டி விலக்கில், டீக்கடைக்கு எதிரே, நாலாயிரம் பேர் பார்த்துக்கொண்டிருக்க நடந்தது. (கடைக்காரனையும் சேர்த்து நாலு பேர் என்பது எதிரிகளின் கணக்கு.)

யானை என்பது ஆறு சக்கர டிப்பர் லாரி. முப்பத்தோரு வருடம் தனியார் பஸ்ஸில் கண்டக்டராக நின்ற என் கால்கள் வாங்கித் தந்தது. ஆர்.சி. புத்தகத்தில் சொர்ணலிங்கம் என்று என் பெயர். ஓட்டுவது தங்கை பூமயிலின் மகன் சசிவர்ணம். உள்ளே மூன்று யூனிட், அதாவது முந்நூறு கன அடி, கிராவல் மண் இருந்தது. அந்த மண் எங்கே வெட்டியது, எங்கே போகிறது என்று சொல்லும் நடைச்சீட்டு மட்டும் இல்லை.

ஊரில் என்னைப் பற்றி ஓர் ஏற்பாடு உண்டு. நான் எதைச் சொன்னாலும் பத்தால் வகுத்துக்கொள்வார்கள். நூறு பாம்பு என்றால் பத்துப் பாம்பு. பத்து என்றால் ஒன்று. ஒன்று என்றால் ஓணான் வால். எனக்கு வருத்தமில்லை. வகுப்பார்கள் என்று தெரிந்துதான் நானும் பெருக்குகிறேன்.

மத்தியானம் சசி சாப்பிட வந்தான். சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான், வாய்க்குப் போகவில்லை.

“மண்ணு எங்கடா மாப்ள எடுத்த?”

“ஒரு ஓரத்துல மாமா.”

உலகம் உருண்டை, அதில் ஓரம் எங்கே இருக்கிறது என்று நான் கேட்கவில்லை.

அக்டோபர் 10

தாலுகா அலுவலக வளாகத்தில் யானையைப் பார்த்தேன். பக்கத்தில் சோழர் காலத்தில் பிடித்த லாரிகள் நிற்கின்றன. ஒன்றின் ஸ்டீயரிங்கில் கோவைக்கொடி படர்ந்து பழம் விட்டிருக்கிறது.

கனிமப் பிரிவு எழுத்தர் நவநீதம், என் பஸ்ஸில் கல்லூரிக்குப் போன பையன். இப்போது தலையில் பாதி நரை. மரியாதையாக உட்காரவைத்தார்.

“ஐயா, ரெண்டு வழி இருக்கு. ஒண்ணு கோர்ட்டு. இன்னொண்ணு இணக்கத் தீர்வு. ஓனர் கைப்பட எழுதிக் கொடுக்கணும், அனுமதியில்லாம மண் எடுத்தது தப்புதான்னு. கட்டணத்தக் கட்டிட்டு வண்டிய எடுத்துக்கலாம்.”

“தப்பை எழுதுறதா? நூறு பக்கம் எழுதுறேன்.”

“ஒரு பக்கம் போதும். எந்த சர்வே நம்பர்ல எடுத்ததுன்னு இருக்கணும். பட்டா நிலம்னா இணக்கம் உண்டு. ஆறு, கண்மாய்னா பேச்சே கிடையாது. வண்டி அரசாங்கத்துக்கு. ஓட்டுனவர் உள்ள.”

வாசலில் நின்ற சசியின் முகம் சுண்ணாம்பு அடித்த மாதிரி ஆனது. வெளியே வந்ததும் என் கையைப் பிடித்தான்.

“மாமா, உங்க செவக்காட்டுல எடுத்ததுன்னு எழுதிருங்க.”

செவக்காடு என்பது என் பூர்வீக சாம்ராஜ்யம். ஒன்றே கால் ஏக்கர். சர்வே எண் 118/2. கத்தாழை விளையும்.

அக்டோபர் 11

சசி இடத்தைக் காட்டினான். பெரிய கண்மாய்க் கரையின் வெளிப்பக்கம், கருவேலங்காட்டுக்குள். கொசு ஒவ்வொன்றும் ஹெலிகாப்டர் அளவு. என்னைத் தூக்கிக்கொண்டு மதுரை வரை போகப் பார்த்தன.

பள்ளம் சின்னதுதான். ஒரு எருமை படுத்தால் நிறைந்துவிடும். சசி உள்ளே இறங்கி நின்றபோது அவன் தலை எனக்குத் தெரியவில்லை. அவன் குள்ளம். அம்மா வழி.

அக்டோபர் 13

வாக்குமூலம் எழுதினேன். “பாண்டி நாட்டின் கீழைச்சீமையிலே, வறண்ட வானத்தின் கீழே, விதிவசத்தால் மண்வெட்டி ஏந்திய சொர்ணலிங்கமாகிய யான்” என்று தொடங்கினேன். நவநீதம் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

“ஐயா, இது மன்னிப்புக் கடிதமா, செப்பேடா?”

மூன்றாவது தடவை அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். ஆறே வரி. எடுத்த இடம் 118/2. கையெழுத்தை மட்டும் என் இஷ்டத்துக்கு, வால் வைத்துப் போட்டேன்.

ஒரு சிக்கல். வி.ஏ.ஓ. வந்து பள்ளத்தை அளந்து போட்டோ எடுப்பாராம். என் செவக்காட்டில் கத்தாழை இருக்கிறது. பள்ளம் இல்லை.

அக்டோபர் 14

ஜே.சி.பி. வந்தது. என் நிலத்தில் நடிப்பதற்கென்று ஒரு பள்ளம் வெட்டினோம். பத்தடிக்குப் பத்தடி, மூன்றடி ஆழம். கணக்காக மூன்று யூனிட். ஓரமெல்லாம் செதுக்கி, கோயில் தெப்பக்குளம் மாதிரி அமைந்துவிட்டது. வெட்டிய மண்ணைக் கத்தாழைக்குப் பின்னால் குவித்துவைத்தோம்.

நிஜப் பள்ளத்தைவிட இது அழகு. யார் பார்த்தாலும் இதைத்தான் நம்புவார்கள்.

அக்டோபர் 17

வி.ஏ.ஓ. வந்தார், அளந்தார். “உள்ள இறங்கி நில்லுங்கய்யா, ஆழம் தெரியணும்” என்றார். இடுப்பில் கை வைத்து நின்றேன். அறுபத்து மூன்று வயதில் அரசாங்கக் கோப்பில் என் திருவுருவம் ஏறியது.

அக்டோபர் 20

மழை. இது மழையில்லை, வருணன் வாளியோடு தவறி விழுந்தது. ஏழு வருடமாக நிறையாத கண்மாயில் தண்ணீர் வந்துவிட்டது.

கண்மாய் மடையில் ஒரு கல் நடப்பட்டிருக்கிறது. அதில் பத்துக் கோடு. ஒன்பதைத் தொட்டால் மிச்சத் தண்ணீர் கலுங்கு வழியே வெளியே பாயும். இன்று இரண்டாவது கோடு.

பூமயில் மழையில் நனைந்துகொண்டே வந்தாள். அவள் புருஷன் ஊரின் நீர்பாய்ச்சியாக இருந்தவர். மடை திறப்பதும் கரை பார்ப்பதும் அவர் வேலை. அவர் போய்ப் பதினோரு வருடம் ஆகிறது. இருந்தும் தண்ணீர் வந்தால் இவளுக்குக் கால் தரையில் நிற்காது.

“கம்மா பெருகுதுண்ணே. நாத்துப் பாவப்போறேன்.”

“பாவு, பாவு. ஆயிரம் மூட்டை விளையும்.”

“நூறுன்னு வச்சுக்கிறேன்” என்று சிரித்தாள். இந்த ஊரில் என் தங்கையும் வகுப்பாள்.

அவள் வீடு மேற்குத் தெருவில். நாற்பத்திரண்டு வீடுகள். கரைக்கு நேர் கீழே.

அக்டோபர் 24

தீர்வு ஆணை கிடைத்தது. வண்டியில் இருந்த மண்ணை அலுவலக வளாகத்திலேயே கொட்டிவிட்டு யானையை மீட்டோம். நவநீதம் எழுந்து நின்று தாளைக் கொடுத்தார்.

“இதோட விஷயம் முடிஞ்சுது. ஆனா ரெண்டாவது தடவ மாட்டுனா இணக்கம் கிடையாது ஐயா. வண்டிய மறந்துற வேண்டியதுதான்.”

திரும்பும் வழியில் சசியிடம், அந்தச் சின்னப் பள்ளத்தை மூடிவிடுவோமா என்றேன்.

“எதைப் போட்டு மாமா? மண்ணு ஏத்துனாப் புடிப்பாங்கெ. மழ விடட்டும்.”

நியாயம்தான். யானைக்கு மாலை வாங்கிப் போட்டேன்.

அக்டோபர் 29

நாலாவது கோடு.

குடையோடு கருவேலங்காட்டுப் பக்கம் சும்மா ஒரு நடை போனேன். பள்ளத்தில் ஈரம். மழை பெய்தால் பள்ளம் ஈரமாகத்தான் இருக்கும்.

நவம்பர் 2

ஐந்தாவது கோடு. இரண்டு நாளாக இங்கே மழை இல்லை. மேற்கே பெய்தது ஓடை வழியாக வந்துகொண்டிருக்கிறது.

பள்ளத்தில் கணுக்கால் அளவு தண்ணீர். இளநீர் மாதிரித் தெளிவு. மழைத்தண்ணீர் கலங்கலாக அல்லவா இருக்கும் என்று ஒரு கேள்வி வந்தது. வண்டிக்கு கிரீஸ் அடிக்க வேண்டியிருந்ததால் யோசிக்கவில்லை.

பூமயிலிடம் வேறு ஏதோ பேசுவது மாதிரி விசாரித்தேன். நாற்றங்கால் வரப்பில் உட்கார்ந்து விதைநெல்லைக் கிளறிக்கொண்டே சொன்னாள்.

“அவுக சொல்லுவாகண்ணே. கரைக்கு வெளிய ஊத்துத் தெளிவா வந்தாப் பயமில்ல, கரை மூச்சு விடுது. கலங்கலா வந்துச்சுன்னா உள்ள மண்ணு கரையுது. அப்பறம் பொழுது கெடையாதும்பாக. ஏன் கேக்குற?”

“பேப்பர்ல போட்டிருந்தான்.”

தெளிவாகத்தான் இருக்கிறது. மிகத் தெளிவு. உள்ளே கிடக்கும் பீடித் துண்டு வரை தெரிகிறது.

நவம்பர் 4

முழங்கால்.

நவம்பர் 6

நவநீதத்தைப் பார்க்கப் போனேன். வளாகத்தில் நம் மண்ணைப் பரப்பிக் கொடிக்கம்பத்தைச் சுற்றி மேடு கட்டிவிட்டார்கள். செம்மண், நல்ல பிடிப்பு. கரைக்காக நூறு வருடம் முன்னால் பார்த்துப் பார்த்துப் போட்ட மண்.

“சார், கண்மாய்க் கரையடியில ஒரு பள்ளம் இருக்கு. ஒம்பதடி இருக்கும்” என்றேன்.

அவர் சிரித்தார். “பஸ்ஸுல போறப்பவே தெரியும் ஐயா. பத்தால வகுத்தா ஒரு அடிகூட வராது. பன்னி தோண்டியிருக்கும்.”

“இல்ல சார். நம்ம வண்டிதான் தோண்டுச்சு.”

சிரிப்பு நின்றது. எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்து கோப்பை எடுத்தார். என் கையெழுத்து, வாலோடு. என் போட்டோ, இடுப்பில் கையோடு.

“இதுல பள்ளம் 118/2-ல இருக்கு. கரையில பள்ளம்னு ஒண்ணு ரெக்கார்டுலயே கிடையாது. நீங்க சொல்றது நிஜம்னா எழுதிக் கொடுங்க, இப்பவே மேல அனுப்புறேன். ஆனா எழுதுனா என்ன ஆகும்னு தெரியும்ல? இது பொய் வாக்குமூலம். வண்டி போகும். உங்க மாப்பிள்ள உள்ள போவாரு, கூடவே நீங்களும்.”

தாளையும் பேனாவையும் தள்ளினார். ரொம்ப நேரம் பிடித்துக்கொண்டிருந்தேன். பேனாவில் மை இல்லை. திரும்பிவிட்டேன். பஸ் ஏறும்போது பார்த்தேன், உள்ளங்கை நிறைய நீல மை.

நவம்பர் 9

ஆறாவது கோடு.

டீக்கடையில் பொதுவாகச் சொல்லிப் பார்த்தேன். கரையடியில் பள்ளம் இருக்கிறது, ஆள் மூழ்கும், மேற்குத் தெரு காலி செய்ய வேண்டும் என்றேன்.

“ஆளு மூழ்கும்னா, கோழி மூழ்குமாப்பா?” என்று ஒருவன் கேட்டான்.

“கோழிக்குஞ்சு” என்றான் இன்னொருவன். பெஞ்சு குலுங்கச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். என் நகைச்சுவைக்கு நான் சிரிக்காவிட்டால் யார் சிரிப்பது?

நவம்பர் 10

பூமயிலை என் வீட்டுக்கு வந்து பத்து நாள் இருக்கச் சொன்னேன். என் தெரு மேடு.

“நாத்து மொளச்சுக் கெடக்கு, மாடு இருக்கு. எதுக்குண்ணே வரணும்?”

“கனாக் கண்டேன். ஒரு லட்சம் தேளு ஒன் வீட்டுக்குள்ள.”

“பத்தாயிரம் தேளத் தொடப்பத்தால கூட்டித் தள்ளிக்கிறேன், போ.”

நவம்பர் 11

டேப் எடுத்துப்போய் அளந்தேன்.

நீளம் 41 அடி. அகலம் 16 அடி. ஆழம் 9 அடி. கரையின் அடிவயிற்றுக்குள் குகை மாதிரி எட்டடி போகிறது.

இதில் வகுக்க ஒன்றும் இல்லை.

நவம்பர் 12

காலையில் சசியை வண்டியடியில் பிடித்தேன்.

“எத்தன லோடுடா?”

“மூணு நாலு…”

“நான் கண்டக்டர்றா. நீளம் அகலம் எனக்கும் பெருக்கத் தெரியும்.”

டயரைப் பார்த்துக்கொண்டே சொன்னான். “இருபது. ஏழு வருசமாக் காஞ்சு கெடந்துச்சு மாமா. இனிமே எங்க நெறையப்போகுதுன்னு நெனச்சேன். அந்த மண்ணுக்குத்தான் நல்ல கிராக்கி.”

“கீழ ஒங்காத்தா வீடுடா.”

“தெரியும் மாமா.”

“ஒங்கப்பன் காத்த கரைடா.”

முப்பது வயது ஆள், டயரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். தோளில் கை வைக்கத் தோன்றியது, வைக்கவில்லை. பிறகு அவனே எழுந்து சாவியை எடுத்தான்.

“பொய்ப் பள்ளத்து மண்ணு இருக்குல்ல மாமா. அதுலருந்து ஆரம்பிப்போம்.”

இன்று நாலு லோடு. குவித்துவைத்ததில் ஒன்று. மீதியை ஜே.சி.பி. வைத்து செவக்காட்டிலேயே வெட்டினோம். என் தெப்பக்குளம் வளர்கிறது.

நவம்பர் 13

ஏழாவது கோடு. ஐந்து லோடு கொட்டினோம். மொத்தம் ஒன்பது. குகை வாய் மூடவில்லை. கொட்டியதன் ஓரமாக ஊற்று வழி பண்ணிக்கொண்டு வருகிறது. தெளிவாகத்தான்.

நவம்பர் 14

பத்தாவது லோடை நெடுவயல்பட்டி விலக்கில் பிடித்தார்கள். அதே ஜீப். அதே அதிகாரி. டீக்கடை முன்னால் நாலு பேர். நாலே பேர்.

“மண்ணு எங்க எடுத்தது?”

“118/2” என்றேன், சசிக்குப் பக்கத்து சீட்டிலிருந்து.

“போன மாசமும் அங்கதான எடுத்தீங்க. நடைச்சீட்டு?”

“இல்ல சார்.”

“எங்க போகுது?”

“கண்மாய்க் கரைப் பள்ளத்த மூட.”

போனில் எதையோ தேடிப் பார்த்தார். “கரையில பள்ளம்னு எந்த ரிப்போர்ட்டும் இல்லையே.”

“ரிப்போர்ட்டுல இருக்காது சார். அத நாந்தான் இல்லாமப் பண்ணேன். வந்து பாருங்க, பத்து நிமிசம்.”

“ஜீப்பு உள்ள போகாது. எனக்கு இன்னும் மூணு ஊர் இருக்கு. நாளைக்குச் சம்பந்தப்பட்ட ஆபீசுக்கு எழுதுறேன்.” அவர் கெட்டவர் இல்லை. அவர் கையில் இருந்த கோப்பு அவ்வளவு நன்றாக இருந்தது. அதை எழுதியவன் நான்.

தாலுகா வளாகத்தில் யானைக்கு சீல் வைத்தார்கள், முதுகில் மூன்று யூனிட் மண்ணோடு. நான் நேராக நவநீதத்திடம் போய்த் தாள் கேட்டேன்.

“கண்மாய்க் கரையில் இருபது லோடு மண் என் வண்டியில் எடுக்கப்பட்டது. முன்பு எழுதிக் கொடுத்தது பொய். பள்ளம் 41 அடி, 16 அடி, 9 அடி. கீழே 42 வீடுகள். சொர்ணலிங்கம்.” வால் வைக்கவில்லை.

அவர் படித்தார். மறுபடியும் படித்தார்.

“ஐயா, இது நீங்க எழுதுன மாதிரியே இல்லையே.”

அவர் போனை எடுத்தார். நம்பரை அழுத்திக்கொண்டே, “உங்க தங்கச்சி மேற்குத் தெருவுலதான இருக்காங்க?” என்று கேட்டார். ஆமாம் என்றேன். “இன்னும் ஏன் இங்க நிக்கிறீங்க?” என்றார்.

நவம்பர் 14, மறுபடியும்

பூமயில் நாற்றங்காலில் நின்றிருந்தாள். நாலு விரல் பச்சை. நான் தேள் எதுவும் சொல்லவில்லை.

“ஒம் மகன் கரையத் தோண்டிட்டான் ஆத்தா. நான் மறச்சேன்.”

என் முகத்தையே பார்த்தாள். எத்தனையால் வகுப்பது என்று தேடினாள் போல. பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டாள்.

“தெளிவா, கலங்கலா?”

“காலையில தெளிவு.”

கையைச் சேலையில் துடைத்தாள். முதல் வீட்டு வாசலுக்குப் போனாள். “எம் மகன் கம்மாக்கரையத் தோண்டிட்டான். புள்ளைகளத் தூக்கிக்கிட்டுப் பள்ளிக்கூடத்துக்கு நடங்க.” அடுத்த வீடு. அதே சொல், அதே குரல். நான் பின்னாலேயே போனேன். நீர்பாய்ச்சி பொண்டாட்டி கரையைப் பற்றிச் சொன்னால் யாரும் வகுப்பதில்லை. சிலர் மண்ணை வாரித் தூற்றினார்கள். அவள் முந்தானையில் விழுந்ததை அவள் தட்டிவிடவில்லை.

நாற்பத்தோரு வீடு முடிந்தபின் தன் வீட்டு மாட்டை அவிழ்த்துவிட்டாள்.

நவம்பர் 15

காலை. மழை இல்லை. வானம் கழுவிவிட்ட பீங்கான் மாதிரி இருக்கிறது.

எட்டாவது கோடு.

பள்ளிக்கூட வராந்தாவில் உட்கார்ந்து எழுதுகிறேன். மேற்குத் தெரு முழுக்க இங்கே இருக்கிறது, ஆம்பிளைகள் தவிர. அவர்கள் முப்பது பேர் கரையடியில் மூட்டை அடுக்குகிறார்கள். சசிவர்ணம் பள்ளத்துக்கு உள்ளே நிற்கிறான். வெளியே வரச் சொன்னால் வரமாட்டேன் என்கிறானாம். சாக்கு ஏராளம். உள்ளே போட மண் போதவில்லை.

இப்போதுதான் நவநீதம் பேசினார். எஞ்சினியர் கிளம்பிவிட்டாராம். சீல் வைத்த மண்ணை விடுவிக்க உத்தரவு கையெழுத்துக்குப் போயிருக்கிறதாம். “வண்டி எந்த இடத்துக்குப் போகுதுன்னு ஒரு கட்டம் இருக்கு ஐயா. சர்வே நம்பர் சொல்லுங்க.”

கரைக்கு என்ன எண் என்று எனக்குத் தெரியவில்லை. ஊரில் யாருக்கும் தெரியவில்லை. தேடிக்கொண்டிருக்கிறார்கள்.

கரையிலிருந்து ஓர் ஆள் சைக்கிளில் வந்து பூமயிலிடம் ஒரு சொம்பை நீட்டினான். பள்ளத்துத் தண்ணீர். அவள் வாங்கி உள்ளே பார்த்தாள். எனக்குக் காட்டவில்லை. வராந்தா ஓரத்தில் சாய்த்துக் கொட்டினாள். சிமெண்டுத் தரையில் சிவப்பாக ஓடியது.

அவள் இப்போது கம்பத்தைப் பிடித்துக்கொண்டு கரைப் பக்கமே பார்க்கிறாள்.

“அண்ணே, என்னமோ சத்தம் கேக்குதுல்ல?”

எனக்கு எதுவும் கேட்கவில்லை என்று இங்கே எழுதிவைக்கிறேன்.